ஊசி எழுதும் சாட்சி



பெருமாட்டியிலும் மீனாட்சிபுரத்திலும் கொழிஞ்சாம்பாறையிலும் பிறந்து, பிழைப்புக்காகக் கோயம்புத்தூரிலும் திருப்பூரிலும் குடியேறிய நம்முடைய குடும்பங்களில் ஊசியும் நூலும் இல்லாத வீடு அரிது. தலையணை உறையில் ஒரு பூ, குழந்தையின் சட்டையில் ஒரு கொடி, ரவிக்கையின் கழுத்தில் ஒரு வரிசை என்று ஏதேனும் ஒன்றை உங்கள் கைகள் செய்துகொண்டேயிருக்கின்றன. ஆனால் அதைக் குறித்து யாராவது கேட்டால், "சும்மா இருக்கிற நேரத்துக்கு ஒரு வேலை" என்று நீங்களே சொல்லிவிடுகிறீர்கள். வேலை கொடுக்கிறவரும் அதையே சொல்லி, அதற்கேற்ற கூலியைக் கையில் வைக்கிறார். கைப் பூத்தையல் உண்மையிலேயே அவ்வளவு சிறிய காரியந்தானா என்பதை இம்மாதம் சிந்திப்போம்.

நம்முடைய வேதாகமத்தில் இதற்கு ஓர் அழகான பெயர் உண்டு: சித்திரத் தையல். ஆசரிப்புக் கூடாரத்தின் வாசலில் தொங்கிய திரை அந்த வேலையால் ஆனது (யாத்திராகமம் 26:36). அதே ஆகமத்தின் 35ஆம் அதிகாரம், கல் வெட்டுகிறவன், மரவேலை செய்கிறவன், நெய்கிறவன் ஆகியோரோடு சித்திரத் தையல்காரனையும் ஒரே வரிசையில் நிறுத்தி, அந்த ஞானத்தைக் கொடுத்தவர் தேவன் என்கிறது. நூல் நூற்ற ஸ்திரீகளும் அங்கே மறக்கப்படவில்லை. மீதி நேரத்தின் வேலை என்று அங்கே எழுதப்படவில்லை.

நாகர்கோவிலில் பின்னப்பட்ட விடுதலை

1819ஆம் ஆண்டில் லண்டன் மிஷனெரி சங்கத்தின் ஊழியராகிய சார்லஸ் மால்ட்டும் அவர் மனைவி மார்த்தா மால்ட்டும் நாகர்கோவிலுக்கு வந்து சேர்ந்தார்கள். அப்பகுதி அன்று திருவிதாங்கூர் அரசின் கீழ் இருந்தது. திருமதி மால்ட் பெண்பிள்ளைகளுக்கு விடுதியுடன் கூடிய பள்ளி நடத்தினார். எழுத்தோடும் வாசிப்போடும் ரேந்தை பின்னும் தொழிலையும் கற்பித்தார். திண்டின்மேல் மாதிரிப் படத்தை விரித்து, குண்டூசிகளைக் குத்தி, நூல் சுற்றிய சிறு கட்டைகளை மாற்றி மாற்றிப் போட்டுப் பின்னுகிற வேலை அது. ஒரு சாண் நீளம் முடிப்பதற்கே நாட்கள் செல்லும்.

அப்பள்ளிக்கு வந்த சிறுமிகளில் சிலர் அடிமைகள். திருவிதாங்கூரில் அடிமைமுறை ஒழிக்கப்பட்டது 1855ஆம் ஆண்டில்தான். அதற்கு முன்னமே, தாங்கள் பின்னிய ரேந்தைக்குக் கிடைத்த பணத்தைச் சேர்த்துத் தங்கள் விடுதலையை விலைக்கு வாங்கிக்கொண்ட பெண்கள் அங்கே இருந்தார்கள். சட்டம் வருமுன்பே நூல் அவர்களை விடுவித்தது.

இன்னொன்றையும் நினைத்துப் பாருங்கள். அக்காலத்தில் தாழ்த்தப்பட்ட சாதிப் பெண்கள் தங்கள் மார்பையும் தோளையும் மறைத்து உடுத்த உரிமையற்றிருந்தார்கள். சட்டை அணிந்ததற்காக அவர்கள் சந்தைகளிலும் வழிகளிலும் அவமானப்படுத்தப்பட்டார்கள். 1820களில் தொடங்கிய அந்தத் தோள்சீலைப் போராட்டம், 1859 ஜூலை மாதத்து அரச அறிவிப்பு வரையிலும் நீண்டது. பிறருடைய ஆடைக்கு அலங்காரம் பின்னின கைகள், தங்கள் தோளுக்கு ஒரு முழத் துணிக்காகப் போராடவேண்டியிருந்தது. துணியும் ஊசியும் அவர்களுக்குப் பொழுதுபோக்காக இருக்கவில்லை. மானமும் கூலியுமாக இருந்தன.

மால்ட் தம்பதியரின் மகள் எலைசா, 1844இல் ராபர்ட் கால்டுவெல்லை மணந்து, திருநெல்வேலிச் சீமையின் இடையன்குடியிலும் பெண்களுக்கு இத்தொழிலைக் கற்பித்தார். கணவர் எழுதிய திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை உலகம் அறியும். மனைவி கற்றுக்கொடுத்த ரேந்தையால் அத்தேரிக்காட்டுக் குடும்பங்கள் பல கஞ்சி குடித்ததை அறிந்தவர் சிலரே.

தன் அடையாளத்தை விடாத ஊசி

நமக்கு வடக்கே நீலகிரியில் தோடர் இனப் பெண்களின் பூத்தையலைப் பாருங்கள். வெளிர் நிறப் பருத்தித் துணியில் சிவப்பும் கறுப்புமான நூல்களால், எந்தப் படமும் வரையாமல், துணியின் இழைகளை விரலால் எண்ணி எண்ணியே தைக்கிறார்கள். அவர்கள் போர்த்துகிற புத்துக்குளி என்னும் போர்வையைத் தூரத்திலிருந்து பார்த்தால் தையலென்றே தோன்றாது, நெய்ததுபோல இருக்கும். இவ்வேலைக்கு 2013ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு கிடைத்தது. அச்சடித்த துணியையோ இயந்திரத் தையலையோ தோடர் பூத்தையல் என்ற பெயரில் விற்பது ஒரு சமுதாயத்தின் பெயரைத் திருடுவதாகும் என்பதே அக்குறியீட்டின் பொருள்.

தருமபுரி மாவட்டத்தின் சித்தேரி, கல்வராயன் மலைகளுக்கு இடையிலுள்ள சிட்லிங்கிப் பள்ளத்தாக்கில் லம்பாடிப் பெண்களின் கதை வேறு. கண்ணாடியும் பலவண்ணத் தையலும் நிறைந்த அவர்களுடைய பழைய உடை மறைந்து, அந்தத் தையலை அறிந்தவர்கள் மூதாட்டிகள் சிலரே என்ற நிலை வந்தது. 1993 முதல் அங்கே பழங்குடியினர் நல மருத்துவப்பணி செய்துவரும் டாக்டர் ரெஜி ஜார்ஜ், டாக்டர் லலிதா தம்பதியரின் முயற்சியோடு, அந்த மூதாட்டிகளிடமிருந்தே இளம்பெண்கள் மீண்டும் கற்றார்கள். அவர்கள் தங்கள் குழுவுக்கு இட்ட பெயர் "போர்கை". லம்பாடி மொழியில் அதற்குப் பெருமிதம் என்று பொருள். வேலை தேடி ஊரைவிட்டுப் போகாமலே ஒரு வருமானம். தொலைந்துபோன அடையாளமும் திரும்பிற்று.

ஆகவே, சகோதரியே, இன்று உங்கள் வீட்டில் பாட்டி ஒருவர் ஏதேனும் ஒரு தையலை அறிந்திருப்பாரானால், அதை அவரிடமிருந்து கற்றுக்கொள்வதைத் தள்ளிப்போடாதீர்கள்.

ஆறு தையல்கள், நம் ஊரின் படங்கள்

கடையில் விற்கும் ரோஜாப்பூ மாதிரிகளையே ஏன் தைக்கவேண்டும்? சித்தூர் வட்டாரத்தின் கரும்பனை, முதலமடையின் மாமரம், நெற்கதிர், கிணற்றடி ஆகியவை நமக்கு மட்டுமே சொந்தமான படங்கள். அவற்றைத் தைக்க ஆறு தையல்கள் போதும்.

1. ஓட்டுத் தையல்: ஊசியை மேலும் கீழுமாக ஓட்டுவது. வயல் வரப்புக்கும் மழைக்கோட்டுக்கும் ஏற்றது. வங்காளத்துப் பெண்கள் பழஞ்சேலைகளை அடுக்கிவைத்து இந்த ஒரே தையலால் தைத்ததே உலகப் புகழ்பெற்ற காந்தா வேலை. பழஞ்சேலை இருப்பவருக்கு முதலீடு நூல் மட்டுமே.

2. காம்புத் தையல்: இடமிருந்து வலமாக, ஒவ்வொரு தையலும் முந்தின தையலின் பாதியிலிருந்து எழும்படி, நூலை எப்போதும் ஒரே பக்கத்தில் வைத்துத் தைப்பது. முறுக்கிய கயிறு போலக் கோடு விழும். பனைமரத்தின் உடலுக்கும் கிளைகளுக்கும் இதுவே.

3. சங்கிலித் தையல்: நூலைக் கட்டைவிரலால் வளையமாக அழுத்திக்கொண்டு, ஊசி வந்த துளையிலேயே மீண்டும் இறக்கி, வளையத்துக்குள் எழச்செய்வது. கிணற்றின் வட்டத்துக்கும் குடத்தின் விளிம்புக்கும் பொருந்தும். இன்று மணப்பெண் ரவிக்கைகளில் காணும் ஆரி வேலையின் அடிப்படையும் இதே சங்கிலிதான். அங்கே ஊசிக்குப் பதிலாகக் கொக்கி முனையுள்ள ஆரி ஊசி.

4. லேசி டெய்சி: சங்கிலியில் ஒற்றை வளையத்தை மட்டும் எடுத்து, அதன் நுனியைச் சிறு தையலால் கட்டிவிடுவது. நெல்மணிகளுக்கு இதைவிடச் சிறந்தது இல்லை.

5. சாட்டின் தையல்: உருவத்தின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்குத் தையல்களை நெருக்கமாக அடுக்குவது. மாங்காய்க்கு ஏற்றது. ஒரு தையல் ஒரு சென்டிமீட்டருக்கு மேல் நீண்டால் வளையலிலும் கொக்கியிலும் சிக்கும். பெரிய உருவத்தை நடுவில் பிரித்துத் தையுங்கள்.

6. பிரெஞ்சு முடிச்சு: நூலை ஊசியில் இருமுறை சுற்றி, எழுந்த இடத்துக்கு ஒட்டினாற்போல் இறக்குவது. நூலை இறுக்கமாகப் பிடித்திராவிட்டால் முடிச்சு அவிழும். மாம்பூக்கொத்துக்குப் போடுங்கள்.

சில எச்சரிக்கைகள்: கசவுத் துணியானால் முதலில் நீரில் அலசிக் கஞ்சியைப் போக்கி, சுருங்க விட்டுப் பிறகே தையுங்கள். ஆறு இழை நூலில் இரண்டிழையைப் பிரித்தெடுத்தால் நுட்பமாக விழும். சிவப்பு நூலை நனைத்து வெள்ளைத் துணியில் தேய்த்துச் சாயம் இறங்குகிறதா என்று பாருங்கள். முடிந்தபின் தடித்த துவாலையின்மேல் கவிழ்த்துப் போட்டுப் பின்புறமாகவே இஸ்திரி போடுங்கள்.

நம்மில் பலர் ஆபரணமின்றி, எளிய வெள்ளைச் சேலையோடு ஆராதனைக்கு வருகிறவர்கள். பூத்தையல் பகட்டல்லவா என்று சிலர் தயங்கலாம். லக்னோவின் சிக்கன் வேலையைக் கவனியுங்கள்: பழைய முறைப்படி வெள்ளைத் துணியில் வெள்ளை நூலால் செய்யப்பட்டது அது. பக்கத்தில் வந்தவருக்கே தெரியும் அடக்கமான அழகு. நம் வெள்ளைச் சேலைக்கு அதுவே போதும்.

துணி பேசுகிறது

பூத்தையல் அழகோடு நின்றுவிடுவதில்லை. தென்னமெரிக்காவின் சிலி நாட்டில் 1973இல் இராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது ஆயிரக்கணக்கானோர் கைதுசெய்யப்பட்டார்கள், பலர் காணாமற்போனார்கள். அவர்களுடைய தாய்மாரும் மனைவிமாரும் துண்டுத் துணிகளைச் சாக்குத்துணிமேல் வைத்துத் தைத்து, "என் மகன் எங்கே?" என்று கேட்கும் படங்களை உண்டாக்கினார்கள். சாந்தியாகோவின் கத்தோலிக்கத் திருச்சபை 1976இல் நிறுவிய மனித உரிமை அமைப்பு அவற்றை வெளிநாடுகளுக்கு அனுப்ப உதவிற்று. பேச வாய் அடைக்கப்பட்டவர்களுக்கு ஊசி வாயானது. வீட்டுக்கு அரிசியும் கிடைத்தது.

நம் பெருமாட்டிப் பெண்கள் தைக்கவேண்டுமானால் எதைத் தைப்பார்கள்? பிளாச்சிமடையைத் தைக்கலாம். 2000இல் கோகோ கோலா ஆலை அங்கே இயங்கத் தொடங்கியபின், கிணற்றுநீர் குடிக்க உதவாமற்போனது என்று சொல்லி, 2002 ஏப்ரலில் இரவாளர் பழங்குடிப் பெண் மயிலம்மா முதலானோர் போராட்டத்தில் அமர்ந்தார்கள். 2003இல் பெருமாட்டி பஞ்சாயத்து ஆலையின் உரிமத்தைப் புதுப்பிக்க மறுத்தது. 2004 மார்ச்சில் ஆலை நின்றது. 2007இல் மயிலம்மா மறைந்தார். காலிக் குடத்தோடு நிற்கும் ஒரு பெண்ணை நான்கு அங்குலத் துணியில் காம்புத் தையலால் தைத்துப் பேத்தியிடம் கொடுங்கள். அவள் கேட்பாள், நீங்கள் சொல்வீர்கள். அதுவும் ஒரு சாட்சியே.

உங்கள் மணிநேரத்துக்கு விலை

கடைசியாக, கூலியைக் குறித்து. வீட்டிலிருந்து வேலை செய்கிறவளும் தொழிலாளிதான் என்பதை நிலைநாட்ட, 1972இல் அகமதாபாத்தில் இலா பட் தொடங்கிய சேவா சங்கம் நெடுங்காலம் உழைத்தது. 1996இல் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு வீட்டுவேலைத் தொழிலாளருக்கென்றே ஓர் உடன்படிக்கையை ஏற்படுத்தியது. இந்தியா இன்னும் அதை உறுதிசெய்யவில்லை. ஆகையால் உங்கள் கணக்கை நீங்களே வைக்கவேண்டும்.

ஒரு நோட்டுப் புத்தகத்தில் உட்கார்ந்த நேரத்தையும் எழுந்த நேரத்தையும் எழுதுங்கள். உங்கள் ஊரில் ஒரு பெண்ணுக்குக் கிடைக்கும் நாட்கூலியை எட்டால் வகுத்தால் ஒரு மணிநேரத்தின் விலை தெரியும். உதாரணமாக, நாட்கூலி 480 ரூபாயானால் மணிக்கு 60 ரூபாய். ஒரு ரவிக்கைக்கு 20 மணிநேரம் ஆனால் உழைப்பு 1,200 ரூபாய். நூல், துணி, பேருந்துச் செலவு 300 ரூபாயானால் மொத்தம் 1,500. இதற்குக் குறைத்துக் கேட்கிறவர் உங்கள் உறக்கத்தை இலவசமாகக் கேட்கிறார் என்று அறிந்துகொள்ளுங்கள். தனியாக நின்று பேரம் பேசுவது கடினம். ஐந்து பேர் சேர்ந்து ஒரே விலை சொல்லுங்கள். கேரளத்தில் குடும்பஸ்ரீ அயல்கூட்டமும், தமிழகத்தில் மகளிர் சுயஉதவிக் குழுவும் இதற்குத் துணையாகும். மத்திய ஜவுளி அமைச்சகம் கைவினைஞருக்கு வழங்கும் பெஹ்சான் அடையாள அட்டையைப் பெற்றால், அரசு கண்காட்சிகளில் விற்க வழி திறக்கும்.

நாகர்கோவில் சிறுமிகள் தங்கள் நூலால் எதை வாங்கினார்கள் என்பதை மறவாதிருங்கள். அடுத்த முறை யாராவது உங்கள் தையலைக் குறித்துக் கேட்கும்போது, "சும்மா இருக்கிற நேரத்துக்கு" என்று சொல்லாதிருங்கள். "இது என் தொழில், இதற்கு இத்தனை மணிநேரம் ஆயிற்று" என்று சொல்லுங்கள். இம்மாதம் ஒரு தையலை ஒரு பிள்ளைக்குக் கற்றுக்கொடுங்கள். கணக்கு எழுதுவதையும் சேர்த்தே கற்றுக்கொடுங்கள்.