அஞ்சு வருஷம் இஎம்ஐ கட்டிய பிறகும் 44 லட்சம் பாக்கி! வீட்டுக் கடனின் நிஜ விலை எங்கே இருக்கிறது?

"50 லட்சம் கடன் வாங்கி 1 கோடி கட்டுறோம்." வீட்டுக் கடன் பற்றிப் பேச்சு எடுத்தாலே இந்த வரி வந்துவிடும். கணக்கு சரிதாங்க. 50 லட்சம், 8.5% வட்டி, 20 வருஷம் என்று போட்டால் மாதம் 43,391 ரூபாய் இஎம்ஐ வரும். 240 மாதம் கட்டி முடிக்கும்போது மொத்தம் 1 கோடியே 4 லட்சம். அதில் வட்டி மட்டும் 54 லட்சத்துக்கு மேல். பார்த்ததும் வயிறு கலங்கத்தான் செய்யும்.

ஆனால் நீங்கள் பயப்பட வேண்டிய இடம் அது இல்லை என்பது என் கருத்து.

ஏன்னா அந்த 1 கோடியை நீங்கள் இன்றைக்கே கட்டப்போவதில்லை. விலைவாசி வருஷத்துக்கு 6% ஏறுகிறது என்று வைத்துக்கொண்டால், 20-வது வருஷம் நீங்கள் கட்டும் 43,391 ரூபாயின் மதிப்பு இன்றைய பணத்தில் சுமார் 13,500 ரூபாய்தான். உங்கள் சம்பளமும் இதே இடத்தில் நிற்காது. கடைசி ஏழெட்டு வருஷ இஎம்ஐ பெரும்பாலானவர்களுக்குப் பெரிய பாரமாகவே இருக்காது. அதனால் கடைசியில் வரும் மொத்தத் தொகையை மட்டும் காட்டிப் பயமுறுத்துவது பாதி உண்மைதான். கடன் வலிக்கிற இடம் ஆரம்பத்தில் இருக்கிறது. அதை யாரும் உங்களுக்கு எழுதிக் காட்டுவதில்லை.

முதல் மாத இஎம்ஐ-யைப் பிரித்துப் பாருங்க. 43,391 ரூபாயில் 35,417 ரூபாய் வட்டி. அசலில் கழிவது 7,974 ரூபாய். இதில் பேங்க் ஏமாற்று வேலை எதுவும் செய்யவில்லை. ஒவ்வொரு மாதமும் மீதி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். அசல் 50 லட்சமாக இருக்கும்போது வட்டியும் பெருசாகத்தான் இருக்கும். அசல் குறையக் குறைய வட்டி குறையும், அசலுக்குப் போகும் பங்கு ஏறும். பிரச்சினை என்னன்னா, அந்த மாற்றம் ஆமை வேகத்தில் நடக்கிறது. உங்கள் இஎம்ஐ-யில் வட்டியை விட அசல் பங்கு அதிகமாவது கிட்டத்தட்ட 12-வது வருஷம் முடியும்போதுதான்!

அஞ்சு வருஷம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டுகிறீர்கள். கையிலிருந்து போனது 26 லட்சம். கடன் எவ்வளவு குறைந்திருக்கும்? 6 லட்சம்கூட இல்லை. பாக்கி 44.06 லட்சம். பத்து வருஷம் கட்டினால், அதாவது பாதிக் காலம் முடிந்தால், கடனும் பாதி முடிந்திருக்கும் என்று மனசு கணக்குப் போடும். நிஜத்தில் அப்போதும் 35 லட்சம் பாக்கி நிற்கும்.

"வாடகை கொடுக்கிறது தண்டம், அதை இஎம்ஐ-யா கட்டினா வீடாவது மிஞ்சும்" என்று வீட்டில் அப்பா சொல்வார், மாமா சொல்வார், ஆபீஸ்ல டீம் லீடும் சொல்வார். வாடகை 20,000 தண்டம் என்றால், முதல் மாதம் வட்டிக்குப் போகும் 35,417-க்கு என்ன பேர்? அது பணத்துக்குக் கொடுக்கும் வாடகை. வீட்டுக்காரருக்குப் பதிலாக பேங்குக்குப் போகிறது, அவ்வளவுதான்.

இங்கே ஏன் அஞ்சாம் வருஷத்தையே பிடித்துத் தொங்குகிறேன்? கடன் பத்திரத்தில் 20 வருஷம் என்று இருக்கும். வாழ்க்கை 20 வருஷத் திட்டத்தில் ஓடுவதில்லை. இன்றைக்கு உங்களுக்கு 28 வயசு, ஓஎம்ஆர்-ல் ஆபீஸ், அதனால் சிறுசேரியில் ஃபிளாட் பார்க்கிறீர்கள். 33 வயசுக்குள் கல்யாணம், குழந்தை, பெங்களூருக்கு மாற்றல், ஆன்சைட், லேஆஃப் என்று ஏதாவது ஒன்று வரலாம். மனைவிக்கோ கணவருக்கோ வேலை அம்பத்தூர் பக்கம் கிடைக்கலாம். அப்போது வீட்டை விற்க வேண்டி வந்தால்?

ஒரு உதாரணக் கணக்கு. ஃபிளாட் விலை 62.5 லட்சம். ஆர்பிஐ விதிப்படி 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையான வீட்டுக் கடனில் சொத்து மதிப்பில் 80% வரைதான் கடன் கிடைக்கும். ஆக 50 லட்சம் லோன், 12.5 லட்சம் உங்கள் கைப்பணம். முத்திரைத் தீர்வைக்கும் பதிவுக் கட்டணத்துக்கும் இந்தக் கணக்கில் கடன் கிடையாது. கட்டுமானத்தில் இருக்கும் ஃபிளாட் என்றால் 5% ஜிஎஸ்டி வேறு. மாடுலர் கிச்சன், கப்போர்டு, கிரகப்பிரவேசம் எல்லாம் சேர்த்துக் குறைவாகவே 8 லட்சம் என்று வைப்போம். அஞ்சு வருஷ இஎம்ஐ 26 லட்சம். மொத்தம் உங்கள் கையிலிருந்து 46.5 லட்சம் போயிருக்கும். வீடு வாங்காமல் 20,000 வாடகையில் இருந்து, அது வருஷம் 5% ஏறியிருந்தாலும், அஞ்சு வருஷத்தில் 13 லட்சம் சொச்சம் கொடுத்திருப்பீர்கள். அதைக் கழித்துவிடலாம். பேங்க் பாக்கி 44 லட்சத்தையும் அடைத்து, போட்ட பணம் வட்டியில்லாமல் திரும்பக் கிடைக்கவே அந்த ஃபிளாட் சுமார் 77 லட்சத்துக்கு விற்க வேண்டும். அடுக்குமாடிச் சங்கத்துக்குக் கட்டும் மெயின்டனன்ஸ், சொத்து வரி, புரோக்கர் கமிஷன் எதையும் நான் இதில் சேர்க்கவில்லை. பக்கத்திலேயே புதுப் புராஜெக்ட் விலைக்கு வந்துகொண்டிருக்கும்போது அஞ்சு வருஷப் பழைய ஃபிளாட்டுக்கு அந்த விலை கிடைக்குமா என்பதை அந்த ஏரியாவில் நாலு பேரிடம் விசாரித்துவிட்டு முடிவு பண்ணுங்க. கிடைக்கிற இடங்களும் உண்டு. கிடைக்காத இடங்கள் நிறைய உண்டு.

அடுத்தது வட்டி மாறும் விஷயம். இதைத்தான் நான் ரொம்ப முக்கியமாக நினைக்கிறேன்.

மேலே போட்ட எல்லாக் கணக்கிலும் 20 வருஷமும் 8.5% அப்படியே இருக்கும் என்று வைத்தோம். நிஜத்தில் நாம் வாங்குவது பெரும்பாலும் ஃபுளோட்டிங் ரேட். 2019 அக்டோபர் முதல் பேங்குகள் புதிதாகக் கொடுக்கும் ஃபுளோட்டிங் வீட்டுக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்று ஆர்பிஐ சொன்னது. ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் சீக்கிரமே ஏறும். 2020 மே முதல் 2022 மே வரை ரெப்போ 4%-ல் கிடந்தது. "இவ்வளவு கம்மி வட்டி இனி வராது" என்று அப்போது லோன் எடுத்தவர்கள் ஏராளம். அங்கிருந்து 2023 பிப்ரவரிக்குள் 6.5%-க்குப் போய்விட்டது.

2021-ல் 7%-க்கு 50 லட்சம், 20 வருஷக் கடன் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்ளுங்கள். இஎம்ஐ 38,765. இரண்டு வருஷம் கட்டிய பிறகு பாக்கி 47.5 லட்சம். வட்டி 9.5% ஆகிறது. (படிப்படியாக ஏறியதை ஒரே தாவலாக வைத்துக் கணக்குப் போடுகிறேன், சுலபத்துக்காக.) இப்போது மாத வட்டி மட்டும் 37,632. இஎம்ஐ மாறாவிட்டால் அசலுக்குப் போவது 1,133 ரூபாய்! அதே இஎம்ஐ-யில் கடன் முடிய இன்னும் 37 வருஷம் ஆகும். 18 வருஷம் பாக்கி இருந்த கடன் 37 வருஷமாக மாறியது அவருக்கு எப்படித் தெரியும்? அக்கவுன்ட்ல மாதம் போகும் தொகை மாறவே இல்லையே. பலருக்கு ஓய்வு வயசு வரம்பு இடித்ததால்தான் பேங்க் இஎம்ஐ-யை ஏற்றியது, அப்போதுதான் விஷயமே தெரிந்தது.

இந்தக் குழப்பத்துக்கு 2023 ஆகஸ்டில் ஆர்பிஐ ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது இஎம்ஐ-யை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும். இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்று மூன்று மாதத்துக்கு ஒரு முறை அறிக்கை தர வேண்டும். பேங்க் ஆப்பிலோ மெயிலிலோ அது வந்து கிடக்கும். திறந்து "மீதித் தவணை" என்ற ஒரே ஒரு எண்ணைப் பாருங்க. போன முறையை விடக் கூடியிருந்தால், அந்த வாரமே பிராஞ்சுக்கு எழுதி இஎம்ஐ-யை ஏற்றச் சொல்லுங்கள்.

வட்டி இறங்கும்போது இதன் மறுபக்கம். 2025-ல் பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் மூன்று தடவையிலும் சேர்த்து ரெப்போ 1% குறைந்தது. அப்படிக் குறையும்போது இஎம்ஐ-யை இறக்கச் சொல்லிக் கேட்காதீர்கள், பழைய இஎம்ஐ-யே போகட்டும். ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனியில் கடன் வாங்கியிருந்தால் இன்னொரு விஷயம்: ரெப்போவோடு இணைக்க வேண்டும் என்ற அந்தக் கட்டாயம் பேங்குகளுக்குத்தான். உங்கள் கம்பெனி தன் சொந்த அளவுகோலைத்தான் வைத்திருக்கலாம். வெளியில் வட்டி குறைந்தும் உங்களுக்குக் குறையவில்லை என்றால் போய்க் கேளுங்க.

30 வருஷக் கடன் பற்றி எனக்குக் கொஞ்சம் கோபமே உண்டு. "சார், உங்க சம்பளத்துக்கு 20 வருஷம்னா 45 லட்சம்தான் எலிஜிபிலிட்டி வருது, 30 போட்டா 50 வந்துடும்" என்பார்கள். கேட்க உதவி மாதிரி இருக்கும். அதே 50 லட்சத்துக்கு இஎம்ஐ 43,391-லிருந்து 38,446 ஆகும். மாதம் மிச்சம் 4,945 ரூபாய். மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சம். சரி, மொத்தத்தைப் பார்க்காதேன்னு நான்தானே சொன்னேன்? அஞ்சாம் வருஷத்தையே பார்ப்போம். 23 லட்சம் கட்டிய பிறகு அசலில் குறைந்தது 2.25 லட்சம். பாக்கி 47.75 லட்சம். அஞ்சு வருஷம் கழித்தும் கிட்டத்தட்ட முதல் நாள் கடனோடுதான் நிற்கிறீர்கள்.

லோனோடு தலையில் கட்டும் ஒரே பிரீமியம் இன்சூரன்ஸையும் கவனிங்க. 1.5 லட்சம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 20 வருஷத்தில் அதற்கு 3 லட்சத்துக்கு மேல் கட்டுவீர்கள். குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும்தான், தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுங்கள். அந்தக் குறிப்பிட்ட பாலிசி எடுத்தால்தான் லோன் என்று சட்டம் எதுவும் இல்லை. வருமான வரி மிச்சமாகும் என்ற வாதமும் பழசாகிவிட்டது. நீங்கள் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்குப் புதிய வரி முறையில் கழிவு கிடையாது. ஆபீசில் எந்த முறையைத் தேர்ந்தெடுத்திருக்கிறீர்கள் என்று முதலில் பாருங்க.

அப்போ வீடே வாங்கக் கூடாதா? வாங்கலாம். வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்று சும்மாவா சொன்னார்கள்? பத்து வருஷத்துக்கு மேல் அந்த ஊரிலேயே இருப்போம் என்ற தெளிவு இருந்தால் வாங்குங்கள். வாங்கியபின் ஆரம்ப வருஷங்களில் அசலை அடியுங்கள். இஎம்ஐ-யை வருஷம் 5% மட்டும் ஏற்றிக்கொண்டே போனால், 43,391 அடுத்த வருஷம் 45,561 ஆகும், அதற்கடுத்த வருஷம் 47,839. இப்படிப் போனால் அந்த 20 வருஷக் கடன் 12 வருஷம் 3 மாதத்தில் முடிந்துவிடும். அஞ்சாம் வருஷப் பாக்கியும் 41 லட்சத்துக்கு வந்திருக்கும். தனிநபர் வீட்டுக் கடன் ஃபுளோட்டிங் ரேட்டில் இருந்தால் முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் கிடையாது. ஒரே நிபந்தனை, ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்க வேண்டும். பேங்குக்குக் கட்டிய பணத்தை வேலை போன மாதம் திருப்பிக் கேட்க முடியாது.

முன்பணம் கொடுப்பதற்கு முன்னால் ஒரு வருஷம் ஒத்திகை பாருங்க. இப்போது வாடகை 20,000, வரப்போகும் இஎம்ஐ 43,391 என்றால், மீதி 23,391 ரூபாயைச் சம்பளம் வந்த மறுநாளே ஒரு ஆர்டியில் போடுங்கள். 12 மாதம் தொடாமல் போட முடிந்தால் அந்தப் பணமும் டவுன் பேமென்ட்டுக்கு உதவும். ஆறாவது மாதமே ஆர்டியை உடைக்க வேண்டி வந்தால், கடனை 35 லட்சத்துக்கு இறக்கி, அதற்குள் வரும் வீட்டைத் தேடுங்கள். அதே வட்டி, அதே 20 வருஷத்துக்கு அதன் இஎம்ஐ 30,374 ரூபாய்.