விழுகிறவனுக்குப் பேர் கிடையாதா?

எங்க மாமா சினிமாவில் ஃபைட்டர். எங்க தெருவில் அவரை யாரும் நடிகர் என்று சொன்னதில்லை. 'அடி வாங்குறவன்' என்பார்கள். முப்பது வருசம் அடியாளாக வந்தார். "டேய், புடிங்கடா அவன", வசனம் அவ்வளவுதான். மற்ற நாளில் கதாநாயகன் சட்டையை மாட்டிக்கொண்டு மாடியிலிருந்து குதிப்பார். கைதட்டல் அவனுக்கு. ஒருதடவை அட்டைப்பெட்டிகளைச் சரியாக அடுக்கவில்லை. இடுப்பு போச்சு. கம்பெனிக்காரன் ஒரு கவர் கொடுத்தனுப்பினான், அதோட சரி. படத்தில் பேர்கூட வரவில்லை.

ஃபைட்டர்கள் எல்லாரும் தலித்துகள் என்று நான் சொல்லவில்லை. அந்த வேலையைப் பார்க்கிற கண் சாதியின் கண் என்கிறேன். கருத்த உடம்பு என்றால் ரவுடி என்று எழுதிவைத்தது யார்? உடம்பால் செய்தால் கூலி, முகத்தால் செய்தால் கலை என்று பிரித்தது யார்? உழுதவன் பேர் பட்டாவில் இல்லாத நாட்டில் விழுந்தவன் பேர் திரையில் எப்படி வரும்?

2016 நவம்பர் 7. பெங்களூருக்குப் பக்கத்தில் திப்பகொண்டனஹள்ளி நீர்த்தேக்கம். 'மாஸ்தி குடி' என்ற கன்னடப் படத்துக்காக ஹெலிகாப்டரிலிருந்து மூன்று பேர் குதித்தார்கள். கதாநாயகன் துனியா விஜய் கரை சேர்ந்தார். வில்லன்களாக நடித்த அனிலும் உதயும் மூழ்கிச் செத்தார்கள். நீச்சல் சரியாகத் தெரியாது என்று முன்னாடியே சொன்னவர்களைத் தண்ணீரில் தள்ளியது எந்தக் கலை?

2017இல் சண்டைப் பயிற்சிக்கு முதல் தேசிய விருது, 'புலிமுருகன்' படத்துக்காகப் பீட்டர் ஹெயினுக்கு அறிவிக்கப்பட்டது. சந்தோசம்தான். ஆனால் விருது மாஸ்டருக்கு. விழுந்தவனுக்கு?

2025 ஜூலை 13. நாகப்பட்டினம் மாவட்டத்தில் 'வேட்டுவம்' படப்பிடிப்பு. கார் பறந்து உருளும் காட்சியில் ஸ்டண்ட் கலைஞர் மோகன்ராஜ் இறந்தார். இயக்குநர் பா. ரஞ்சித். நம்மவர். வருந்தி அறிக்கை விட்டார், வழக்கும் பதிவானது. குற்றம் யாருடையது என்பதைக் கோர்ட்டு பார்க்கட்டும். ஆதிக்கசாதிக்காரன் படமாக இருந்தால் அன்றைக்கே எழுதியிருப்பேன். எழுதவில்லை. அதற்கு வெட்கப்படுகிறேன். நம்ம ஆள் படத்திலும் விழுகிறவன் நம்ம ஆள்தான், தோழர்களே.

"விழத் தெரியும்டா, வேணாம்னு சொல்லத் தெரியல" என்று மாமா சொல்வார். சொன்னால் மறுநாள் கூப்பிட மாட்டார்கள், அந்தப் பயம்.

ஆகவே கேட்கிறேன். ஒவ்வொரு ஃபைட்டரின் பேரையும் திரையில் போடு. ஷாட்டுக்கு முன்னால் காப்பீட்டுத் தாளைக் கையில் கொடு. ஆம்புலன்ஸை ஸ்பாட்டில் நிறுத்து. 'மாட்டேன்' என்று சொன்னவனை மறுநாளும் வேலைக்குக் கூப்பிடு. முதலில் நம்மவர்கள் எடுக்கிற படத்தில் செய்யுங்கள். அப்புறம் மற்றவனைக் கேட்போம்.