பேசாமலே பேச வைத்த ஆஸ்டா!

‘பழைய ரீல்’ பகுதியில் இந்த வாரம் டென்மார்க் போகிறோம். நாயகி, ஆஸ்டா நீல்சன். ஊமைப்படக் காலத்தில் ஜெர்மனி ரசிகர்கள் இவரை ‘டி ஆஸ்டா’ என்பார்கள். உலகத்திலேயே ஒரே ஒரு ஆஸ்டாதான் என்கிற மாதிரி ஒரு செல்லம்!

1881-ல் கோபன்ஹேகனில் பிறந்தவர். அப்பா கொல்லர், பல நாள் வேலையே இருக்காது. அம்மா துணி வெளுத்துக் குடும்பத்தைத் தாங்கினார். ஆஸ்டாவுக்கு 14 வயதானபோது அப்பாவும் இறந்துவிட்டார். 18 வயதில் ராயல் டேனிஷ் தியேட்டரின் நடிப்புப் பள்ளியில் இடம் கிடைத்தது. 1901-ல் மகள் யெஸ்டா பிறந்தாள். ஆஸ்டாவுக்குக் கல்யாணம் ஆகியிருக்கவில்லை. குழந்தையின் அப்பா யார் என்று கடைசிவரை அவர் வெளியே சொல்லவும் இல்லை. நடந்தது 120 வருஷத்துக்கு முன்னால் என்பதை மறந்துவிடாதீர்கள். அம்மாவும் அக்காவும் குழந்தையைப் பார்த்துக்கொள்ள, இவர் நாடகத்துக்குப் போனார்.

ஆனால், மேடை இவரைக் கொண்டாடவில்லை. குரல் கனமானது, சீராக இல்லை என்பது பெரிய குறையாகப் பேசப்பட்டது. நார்வே, ஸ்வீடன் என்று குழுக்களோடு ஊர் ஊராகச் சுற்றியும் பெரிய வேடங்கள் வரவில்லை. அப்போதுதான் ஊர்பன் காட் என்பவரோடு சேர்ந்து ஒரு படம் எடுத்தார். ‘படத்தைப் பார்த்தாவது நாடகக்காரர்கள் நல்ல வேடம் தரமாட்டார்களா’ என்ற நப்பாசையும் அதில் இருந்தது.

1910 செப்டம்பரில் வெளியான அந்தப் படம் ‘அஃப்குருண்டன்’. பெயருக்கு ‘படுகுழி’ என்று அர்த்தம். முக்கால் மணி நேரம்கூட ஓடாது. பியானோ டீச்சர் ஒருத்தி, தன்னை விரும்புகிறவனை விட்டுவிட்டு சர்க்கஸ்காரனோடு ஓடிப்போகிறாள். மேடையில் அவனைக் கயிற்றால் கட்டிவைத்து, உரசி உரசி ஆடும் ஒரு நடனம் உண்டு. அந்தக் காலத்தில் பெரிய பரபரப்பு அதுதான்.

எனக்குப் பிடித்தது நடனம் இல்லை, கிளைமாக்ஸ். ஏமாற்றியவனைக் கொன்றுவிடுகிறாள். போலீஸ் அழைத்துப் போகிறது. மற்றவர்கள் நெஞ்சில் அடித்துக்கொண்டு கையை வீசி நடித்த காலம் அது. ஆஸ்டாவோ எதுவுமே செய்யவில்லை. உயிர் போன முகத்தோடு நடக்கிறார், அவ்வளவுதான். மேடையில் குறையாகத் தெரிந்த குரல் இங்கே தேவைப்படவில்லை. அந்தப் பெரிய கண்கள் போதும்!

அடுத்த வருஷமே ஜெர்மனியிலிருந்து ஒப்பந்தம். எடுக்காத படங்களைக்கூட ‘ஆஸ்டா நீல்சன் வரிசை’ என்று அவர் பெயரைச் சொல்லியே தியேட்டர்களுக்கு விற்றார்கள். 1912-ல் ஊர்பனைக் கல்யாணம் செய்தார், அது நிலைக்கவில்லை. பிறகு சொந்தக் கம்பெனி தொடங்கி, 1921-ல் ‘ஹேம்லெட்’ எடுத்தார். ஹேம்லெட்டாக நடித்தவரும் அவரே. இளவரசனாக வளர்க்கப்பட்ட ஒரு பெண்தான் ஹேம்லெட் என்று கதையையே திருப்பிப்போட்டிருந்தார்கள். சாகும்போதுதான் நண்பன் ஹொரேஷியோவுக்கு உண்மை தெரியும். யோசித்துப் பாருங்கள், 1921-ல்!

1925-ல் ‘மகிழ்ச்சியற்ற தெரு’ படத்தில் இவரோடு நடித்த இளம்பெண் ஸ்வீடனின் கிரேட்டா கார்போ. கார்போ ஹாலிவுட் போய்ப் பெரிய நட்சத்திரமானார். வெளிநாடுகளில் ஓடிய சில பிரதிகளில் ஆஸ்டாவின் காட்சிகளையே வெட்டிவிட்டார்கள். 44 வயது நடிகைக்கு அதுதான் கிடைத்த மரியாதை. பேசும்படம் வந்தபிறகு, 1932-ல் ஒரே ஒரு படம். அதோடு சரி.

ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும், தனக்கென்று ஒரு படக் கம்பெனி அமைத்துத் தருவதாக நாஜிகள் ஆசை காட்டினார்கள் என்று ஆஸ்டாவே பின்னாளில் சொல்லியிருக்கிறார். அவர் ஒப்புக்கொள்ளவில்லை. டென்மார்க் திரும்பிவிட்டார்.

சொந்த ஊர் கைநீட்டி வரவேற்றதா? இல்லை. 70-க்கும் மேற்பட்ட படங்களில் டென்மார்க்கில் எடுத்தவை நான்கே நான்கு. திரும்பி வந்தபிறகு ஐந்தாவது வரவே இல்லை. சுயசரிதை எழுதினார். துணித் துண்டுகளை வெட்டி ஒட்டி ஓவியம்போலப் படங்கள் செய்தார். 1964-ல் மகளைப் பறிகொடுத்தார். 1968-ல் தன்னைப் பற்றிய ஆவணப்படத்தைத் தானே இயக்கினார். 1970-ல், 88 வயதில், கிறிஸ்டியன் தேடே என்ற கலைப்பொருள் வியாபாரியைக் கல்யாணம் செய்துகொண்டார். இரண்டு வருஷம் கழித்து மறைந்தார்.

‘அஃப்குருண்டன்’ படத்தை டேனிஷ் திரைப்பட நிறுவனம் இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. டிராம் வண்டிக் காட்சியில் ஆரம்பிக்கும். போனைப் படுக்கவைத்துப் பாருங்கள். ஹெட்போன் தேடவேண்டிய வேலையில்லை.