பொட்டலச் சோறும் பினாங்குப் பயணமும்

பள்ளி விடுமுறை நெருங்கும்போதெல்லாம் நம் பெற்றோர் ஆசிரியர் சங்கங்களும் ஆலய இளைஞர் பகுதிகளும் ‘பண்பாட்டுச் சுற்றுலா’ என்னும் பெயரில் பினாங்குக்குப் பேருந்து அமர்த்துகின்றன. பயணம் இரண்டு நாள். நிகழ்ச்சி நிரல் ஏறத்தாழ எங்கும் ஒன்றே. வெள்ளி இரவு புறப்பாடு, விடியலில் தண்ணீர்மலையில் வழிபாடு, பின்னர் கேக் லோக் சி, கொடிமலை, மாலையில் பேரங்காடி, மறுநாள் ஆர்மீனியன் வீதியில் சுவரோவியத்தின் முன் நின்று ஒரு படம், திரும்பும் வழியில் ஜாதிக்காய்ப் பொட்டலம். உணவோ புறப்படும்போதே கட்டி ஏற்றப்படுகிறது. புளிச்சோறு, அவித்த முட்டை, வறுத்த நெத்திலி. சிக்கனமும் தூய்மையும் அதற்குரிய காரணங்களாம்.

இதனைப் பண்பாட்டுச் சுற்றுலா என்று அழைப்பதை நான் மறுக்கிறேன். வழிபாட்டுப் பயணம் என்க, உல்லாசப் பயணம் என்க, இரண்டும் குற்றமல்ல. பண்பாடு என்ற சொல்லை மட்டும் அப்பேருந்தின் முகப்பில் கட்டிய துணியிலிருந்து அகற்றிவிட வேண்டும். ஒரு நகரின் தெருவில் நடவாமல், அந்நகரத்தார் சமைத்ததில் ஒரு கவளமும் உண்ணாமல் திரும்பியவர் அதன் பண்பாட்டை எங்கே சந்தித்தார்?

“இரண்டே நாளில் வேறென்ன செய்ய இயலும்?” என்பர். இரண்டு நாள் குறைவு என்பதனாலேயே, பத்து இடங்களைத் தொட்டுவிட்டு ஓடும் திட்டம் பயனற்றது என்கிறேன். பேருந்தின் சாளரத்தில் கழியும் நேரத்தைக் கூட்டிப் பார்த்தால் ஒரு முழுப் பகற்பொழுது அதிலேயே போய்விடும்.

நம் மாணவர்களிடம், “நம் முன்னோர் இந்நாட்டுக்கு எதற்காக வந்தனர்?” என்று வினவிப் பாருங்கள். “ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்ட” என்னும் விடை உடனே வரும். அந்த விடை பொய்யன்று. அந்த வியர்வையை மறப்பவன் நன்றி கெட்டவன். ஆயினும் அது பாதி வரலாறு. மலாயாவில் ரப்பர் தொழில்முறையில் பயிரிடப்பட்டது 1890களில். ஜார்ஜ் டவுனில் கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் எழுந்ததோ 1801-இல். குவீன் வீதி மகாமாரியம்மன் ஆலயம் 1833-இல் கட்டப்பட்டது. பிரான்சிஸ் லைட் 1786-இல் தீவில் கொடியேற்றினார். 1794-இல் அவர் எழுதிய அறிக்கையிலேயே சோழமண்டலக் கரையிலிருந்து வந்த கடைக்காரரும் உழைப்பாளரும் இடம்பெற்றுள்ளனர். தோட்டம் தோன்றுவதற்கு நூறாண்டுகளுக்கு முன்பே தமிழன் இங்கே கடை வைத்திருந்தான். இதனை மாணவனுக்குச் சொல்லும் இடம் பாடநூலைவிட அந்தத் தெருவே. அத்தெருவைத்தான் நம் பேருந்துகள் நிற்காமல் கடந்து செல்கின்றன.

புனித ஜார்ஜ் தேவாலயத்திலிருந்து கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் வரை நடக்கும் தொலைவு ஒரு கிலோமீட்டருக்கும் குறைவு. தேவாலயம் 1818-இல் எழுந்தது. கட்டியோர் இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதிகள். அதனையடுத்துக் கருணைத் தெய்வமாம் குவான் யின் கோயிலின் ஊதுவத்திப் புகை. அப்பால் மாரியம்மன். அப்பால் பள்ளிவாசல். அதன் நிறுவனர் காதிர் முகைதீன் என்னும் தமிழ் முஸ்லிம் வணிகர். ‘கப்பித்தான் கெலிங்’ என்பது அவர் வகித்த பதவி. ‘கெலிங்’ என்ற சொல் பிற்காலத்தில் வசையாகத் திரிந்தது. அன்றோ அது ஒரு தலைவரின் பட்டத்தில் இருந்தது. மாணவர்கள் இச்சொல்லின் கதையை அந்த வாயிலில் நின்று கேட்க வேண்டும். அங்கிருந்து சூலியா வீதிக்குத் திரும்பினால், கிங் வீதி முனையில் நாகூர் ஆண்டவர் பெயரால் அமைந்த தர்கா. பினாங்கு வீதியில் செட்டியார்களின் கிட்டங்கிகள். “அவை முஸ்லிம்களுடையவை, நமக்கென்ன?” என்று கேட்கும் செயலாளர்களும் உளர். தமிழ் பேசி, தமிழில் கணக்கெழுதி வணிகம் செய்தவர்களை வரலாற்றிலிருந்து கழித்துவிட்டு, நம் பழம்பெருமையை எதனைக்கொண்டு கட்டப் போகிறார்கள்?

இனி உணவைக் கூறுவேன். உணவு வயிற்றுக்கு, பண்பாடு அறிவுக்கு என்று பிரிக்கும் பழக்கம் நம்மிடம் ஊறியிருக்கிறது. நாசி கண்டாரை எடுத்துக்கொள்வோம். ‘கண்டார்’ என்னும் மலாய்ச் சொல் தோளில் தடியிட்டுச் சுமப்பதைக் குறிக்கும். நம் காவடி போன்றது. ஒரு முனையில் சோற்றுப் பானை, மறுமுனையில் குழம்புகள். தமிழ் முஸ்லிம் வணிகர் அதனைச் சுமந்து சென்று துறைமுகத் தொழிலாளிக்கு விற்றனர். சுமை இறங்கிக் கடையாயிற்று. பெயர் மட்டும் தோளைவிட்டு இறங்கவில்லை. கேம்பல் வீதியில் 1907-இல் தொடங்கிய ஹமீதியா இன்றும் சோறு போடுகிறது. மீன் குழம்பும் கோழிக் குழம்பும் ஒன்றோடொன்று கலந்து வெள்ளமாய் ஓட ஊற்றுவதனை ‘பஞ்சிர்’ என்பர். ஒரு தட்டில் தமிழகத்து மசாலையும் மலாய் நாவும் துறைமுகத்து வறுமையும் கலந்திருக்கின்றன. ‘கெடாய்’ என்று மலாய்க்காரர் சொல்வது நம் கடை; ‘மோடால்’ நம் முதல்; ‘காப்பால்’ நம் கப்பல். அந்தச் சோற்றின் முன் அமர்ந்து இச்சொற்களைச் சொல்லிக் கொடுத்தால், பிள்ளைகள் மறப்பார்களா?

ஆகவே திட்டத்தை உணவு வேளைகளிலிருந்து தொடங்குக. பேருந்து பட்டர்வொர்த்திலேயே நிற்கட்டும். பெர்ரியில் கடலைக் கடந்து நகரத்துள் நடந்து புகட்டும். முன்னோர் அந்நகரைக் கண்டதும் கடலிலிருந்துதான். காலையில் ரொட்டி சானாய், தே தாரேக். (மலேசியரின் காலை உணவுப் பழக்கத்தை 2024-இல் யுனெஸ்கோ தன் பண்பாட்டு மரபுப் பட்டியலிலேயே சேர்த்துவிட்டது, நம் குழுவினர்தாம் இன்னும் சேர்க்கவில்லை.) நண்பகலில் நாசி கண்டார். வெயில் ஏறியபின் செண்டோல். பிற்பகலில் ஆசாம் லக்சா. மீனும் புளியும் காந்தான் பூவும் சேர்ந்த அந்தச் சாற்றைக் குடித்தவன், புளி நமக்கு மட்டுமே உரியது என்று பின்னர் கூறமாட்டான். இரவில் அங்காடிக் கடைகள். ஒருவருக்கு ஒரு தட்டு என்று வாங்க வேண்டியதில்லை. மூவருக்கு ஒன்று போதும். வேளைகளுக்கு இடைப்பட்ட நேரத்தில் தெருக்களை நடந்து முடித்துவிடலாம்.

மாட்டிறைச்சி, பன்றிக் கொழுப்பு ஆகியவற்றை எண்ணி அஞ்சுவோரின் அச்சம் நியாயமானதே. அதற்கு மருந்து பொட்டலமன்று; விசாரணை. எந்தக் குழம்பு எதனால் ஆனது என்று கேட்டறிந்து கொள்ளலாம். ஹலால் கடைகளுக்குப் பஞ்சமில்லை. சைவர்க்கு நம்மவர் உணவகங்கள் லிட்டில் இந்தியாவில் உள்ளன. சீனர் நடத்தும் சைவக் கடைகளும் உள்ளன. சீன மாதத்தின் முதல் நாளிலும் பதினைந்தாம் நாளிலும் சைவம் உண்ணும் சீனர் பலர் என்பதனை நம் சைவப் பிள்ளைகள் அங்கே நேரில் காணட்டும். தூய்மை பற்றிய வாதம் எனக்கு விளங்கவே இல்லை. முதல்நாள் மாலை கட்டிய முட்டை மறுநாள் நண்பகல் வரை பேருந்தில் வெந்துகொண்டிருப்பது எவ்வகைத் தூய்மை?

சுவரோவியங்களைப் பற்றியும் ஒரு சொல். லித்துவேனியரான எர்னஸ்ட் சக்கரேவிச் 2012-இல் வரைந்தவை அவை, அழகானவையே. ஆனால் அவற்றை மட்டும் காண வருவோருக்கு நகரம் ஒரு திரைச்சீலை ஆகிவிடுகிறது. ஜார்ஜ் டவுன் 2008-இல் மலாக்காவுடன் உலக மரபுடைமையாக அறிவிக்கப்பட்டது. அதற்கு முன்பே, வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் நீக்கப்பட்டு 2000 ஜனவரியில் அதன் காப்பு முடிந்தபோது, தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த குடியிருப்பாளர் பலர் கடைவீடுகளைவிட்டு வெளியேறினர். எஞ்சியுள்ள சிறு கடைக்காரர் வாடகையைக் கட்டுவது நாம் எடுக்கும் படத்தினாலன்று. நாம் வாங்கும் ஒரு தட்டுச் சோற்றினால். நானூறு கிலோமீட்டர் பயணம் செய்து வந்து, சொந்தச் சோற்றை அவர் கடைக்கு எதிரே பேருந்திலமர்ந்து உண்டுவிட்டு, பேரங்காடியில் காசைக் கொட்டிச் செல்வது எவ்வகை மரபுப் பாதுகாப்பு?

செலவு கூடும் என்பது மெய்தான். பேரங்காடி நேரத்தை நிரலிலிருந்து நீக்குக. அங்கே பெற்றோர் செலவிடும் தொகையை எவரும் கணக்கில் எழுதுவதில்லை. பேருந்துக்கு நாற்பத்து நால்வர் வேண்டுமென்று கட்டாயப்படுத்தாமல், இருபது பேராகப் பிரித்து அழைத்துச் செல்க. சிறு கடையில் நாற்பது பேர் ஒருங்கே நுழைந்தால் பரிமாறுபவருக்குப் பேச நேரமிராது. அவர் பேச வேண்டும். அக்கடை எப்போது தொடங்கியது, எவ்வூரிலிருந்து வந்தோம், அடுத்து யார் நடத்துவார் என்பவற்றை மாணவர் கேட்டுக் குறித்துக்கொள்ளட்டும்; ஊர் திரும்பியபின் அந்தக் குறிப்பே கட்டுரைப் பயிற்சியாகட்டும்.