குளத்துக்குப் பேர் வைத்தவன் யார்?

வடக்கே ஏரி. மதுரைப் பக்கம் கண்மாய். எங்கள் நாஞ்சில் நாட்டில் எல்லாமே குளம்தான். நாகர்கோவிலிலிருந்து கன்னியாகுமரிக்குப் பஸ்ஸில் போகிற தோழர்கள் சுசீந்திரத்தில் ரோட்டை ஒட்டிக் கிடக்கிற தண்ணீரைப் பார்த்திருப்பீர்கள். 2022-இல் அதுக்கு உலகப் பேர் கிடைத்தது. ‘சுசீந்திரம் தேரூர் ஈரநிலத் தொகுதி’, 94.23 ஹெக்டேர், ராம்சர் பட்டியலில். மத்திய ஆசியாவைத் தாண்டி வருகிற பறவைக்கும் இங்கே இடமுண்டு. கொக்குக்கு ஏது தீட்டு!

9-ஆம் நூற்றாண்டுச் செப்பேட்டில் பசுங்குளம், பெருங்குளம் என்று ஆறு குளங்களின் பேர் இருப்பதாக அரசுக் குறிப்பு பெருமைப்படுகிறது. சரி, மண் சுமந்தவன் பேர்? நான் வங்கிக் குமாஸ்தா. பத்திரங்களில் நான்கெல்லை வாசிப்பது என் பிழைப்பு. குளத்துக்குப் பேரிருக்கும், வயல்காரனுக்குத் தகப்பன் பேரோடு பேரிருக்கும். ராத்திரி மடை தெறந்து தண்ணி பாய்ச்சுனவன் எந்த எல்லையிலும் வரமாட்டான்.

இதே சுசீந்திரத்தில் கோயிலைச் சுற்றிய தெருவில் நடக்கவே 1926-இல் சத்தியாகிரகம் செய்ய வேண்டியிருந்தது. திருவிதாங்கூரில் கோயில் கதவு திறந்தது 1936-இல். 1927-இல் மகாத் குளத்தில் அம்பேத்கர் ஒரு கை தண்ணீர் அள்ளிக் குடித்ததற்கு அடி விழுந்தது. ஆதிக்க சாதிக்குக் குளம் என்றால் தண்ணீர் மட்டுமல்ல, படித்துறையும்தான்.

2025 அக்டோபரில் தமிழக அரசு தெரு, குடியிருப்பு, நீர்நிலைகளின் சாதிப் பேர்களை நீக்க ஆணை போட்டது. நீக்கட்டும். இழிவா ஒட்டுன பேரைச் சுமக்கணும்னு நமக்கென்ன தலையெழுத்தா? ஆனால் ‘வண்ணான்குளம்’ என்ற பேரை அழித்துவிட்டு ஒரு பூவின் பேரை எழுதினால், ஊர் அழுக்கை அங்கே வெளுத்த சனங்கள் இருந்ததற்கான கடைசிச் சாட்சியும் போய்விடும். படித்துறையை மறித்தவனுக்கு இதைவிடச் சவுகரியம் வேறில்லை. பேர்ப்பலகையைத் துடைத்தால் அவன் கையும் சேர்ந்து சுத்தமாகிவிடுகிறது. சேரியும் குளத்தங்கரையும் இருந்த இடத்திலேயே கிடக்கும்.

அதனால் பழைய பேரைப் பலகையிலிருந்து எடுங்கள், கிராமக் கணக்கிலிருந்து எடுக்காதீர்கள். யார் வெட்டினார்கள், யாரை இறங்கவிடவில்லை என்பதையும் பக்கத்திலேயே எழுதுங்கள். புதுப் பேரைக் கலெக்டர் ஆபீசில் உட்கார்ந்து யோசிக்க வேண்டாம். கிராமசபையைச் சேரிக்குள்ள கூட்டுங்க. எங்க பாட்டிமாருக்குக் குளத்துல ஒவ்வொரு மூலைக்கும் ஒரு பேரு தெரியும். அவங்க சொல்லட்டும். முன்வரிசை நாற்காலியில யாரு உக்காருதான்னும் அன்னைக்குப் பாத்துக்கிடுவோம்.