கேளாதவனுக்கு நீதி இல்லையா?

பல்கலைக்கழகத் தீர்மானமொன்றை எதிர்த்து மாணவனொருவன் நீதிமன்றப் படியேறினால், பல்கலைக்கழகத்தின் சுயாதீனம் பறிபோகின்றதென்ற கூக்குரல் உடனே எழுகின்றது. அச்சுயாதீனம் யாருக்காக என்ற வினாவை மட்டும் கூக்குரலிடுவோர் எழுப்புவதில்லை.

1952இல் இலங்கைப் பல்கலைக்கழக விஞ்ஞான இறுதிப் பரீட்சைக்குத் தோற்றிய மாணவரொருவர், வினாத்தாளின் ஒரு பகுதியை முன்கூட்டியே அறிந்திருந்தாரெனக் குற்றஞ்சாட்டப்பட்டார். துணைவேந்தர் அமைத்த குழு சாட்சிகளை அவர் இல்லாதவிடத்தில் விசாரித்தது. ஈற்றில், பல்கலைக்கழகப் பரீட்சைகள் அனைத்திலிருந்தும் அவர் காலவரையறையின்றி இடைநிறுத்தப்பட்டார். மாவட்ட நீதிமன்றம் அவரது வழக்கைத் தள்ளிற்று. உயர் நீதிமன்றம் அவருக்குச் சார்பாகத் தீர்த்தது. 1960இல் இலண்டன் கோமறைக் கழகமோ அத்தீர்ப்பை மாற்றிப் பல்கலைக்கழகத்தின் பக்கம் நின்றது. பிரதான சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய மாணவர் அனுமதி கேட்கவில்லை. கேட்டு மறுக்கப்பட்டிருந்தாலன்றோ குறை என்பது அதன் நியாயம்.

இந்நியாயம் ஏற்கத்தக்கதன்று. தனக்கு அவ்வுரிமை உண்டென்று அறியாதவன் எங்ஙனம் கேட்பான்? மேசையின் ஒருபுறம் அதிகாரமும் அனுபவமும் அமர்ந்திருக்க, மறுபுறம் தனித்து நிற்பவன் தானே சட்டத்தரணியாகவும் இருத்தல் வேண்டுமென எதிர்பார்ப்பது இயற்கை நீதியாகாது.

நீதிபதிகள் விடைத்தாள் திருத்த முனைகின்றனர் என்ற அச்சமும் வீணானது. 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றம் எழுத்தாணை வழங்கும்போது, அது புள்ளியை அளப்பதில்லை. புள்ளியிட்ட முறையின் நேர்மையையே அளக்கின்றது. 2011ஆம் ஆண்டு க.பொ.த. உயர்தரப் பரீட்சையில் பழைய, புதிய பாடத்திட்டங்களின் கீழ்த் தோற்றியோரை ஒன்றாக்கி இசட் புள்ளி கணிக்கப்பட்டது. அடிப்படை உரிமை வழக்கில் உயர் நீதிமன்றம் 2012இல் அதனை நிராகரித்து, இரு சாராருக்கும் வேறாகக் கணிக்கப் பணித்தது. எந்த மாணவன் எந்தப் பீடத்துக்குத் தகுதியுடையவன் என்று அது கூறவில்லை. வேறுபட்டோரை ஒரே கோலால் அளக்கலாகாது என்றே கூறிற்று.

ஆயினும் நீதிமன்றமே முழு மருந்து என்பதற்கில்லை. அடிப்படை உரிமை மீறப்பட்டவன் ஒரு மாதத்துள் மனுச் செய்தல் வேண்டும் என்பது 126ஆம் உறுப்புரை. இரு மாதத்துள் மனுவைத் தீர்த்தல் வேண்டும் எனவும் அதுவே கூறுகின்றது. முன்னைய விதி மாணவனை இறுக்கிப் பிடிக்கின்றது. பின்னையது பெரும்பாலும் ஏட்டிலேயே உறங்குகின்றது. 1952இன் பரீட்சைக்கு 1960இல் இறுதித் தீர்ப்பு! அம்மாணவர் வென்றிருந்தாலும் இழந்த எட்டாண்டுகளை எந்த நீதிமன்றம் மீட்டுக் கொடுத்திருக்கும்?

ஆதலால் நீதி பல்கலைக்கழக வாயிலுக்குள்ளேயே பிறத்தல் வேண்டும். குற்றச்சாட்டு எழுத்தில் தரப்படுக. சான்றுகளின் பிரதி வழங்கப்படுக. குறுக்கு விசாரணை செய்யும் உரிமை உண்டென முன்னரே அறிவிக்கப்படுக. தீர்ப்புக்குக் காரணம் கூறப்படுக. தண்டித்தவரல்லாத வேறொருவரிடம் மேன்முறையீடு செய்ய வழி விடப்படுக. இவற்றை மனமுவந்து செய்யும் பல்கலைக்கழகம் எந்த நீதிமன்றத்துக்கும் அஞ்ச வேண்டியதில்லை. செய்ய மறுக்கும் பல்கலைக்கழகம் சுயாதீனத்தின் பெயரால் காப்பது தன் தவறுகளையே.