கணக்கெடுப்பு யார் கையில்?

பிரேசிலின் அமசோனாஸ் மாநிலத்தில், சொலிமோயிஸ் ஆறும் ஜப்புரா ஆறும் கூடும் இடத்தில் இருக்கிறது மமிராவா காப்பகம். 11,24,000 ஹெக்டேர், முழுக்க வெள்ளக்காடு. ஆற்றின் மட்டம் ஆண்டுதோறும் பத்து மீட்டர் அளவுக்கு ஏறி இறங்கும். நீர் ஏறிய மாதங்களில் மீன்கள் மரங்களுக்கிடையே நீந்தி, உதிரும் பழங்களைத் தின்னும். நீர் வடிந்ததும் காடு நெடுகச் சிறிதும் பெரிதுமாக ஏரிகள் மிஞ்சும். அந்த ஏரிகளை நம்பியிருக்கும் ஆற்றங்கரை மக்கள் காப்பகத்துக்குள்ளேயே குடியிருக்கிறார்கள். காடு, வனவுயிர், மீன்வளம் என எத்துறையில் களப்பணி செய்பவரும் அங்கே நடந்ததை ஊன்றிப் படிக்க வேண்டும் என்று கருதுகிறோம். அங்கே கணக்கெடுப்பு மக்கள் கையில் இருக்கிறது.

1980களில் மார்சியோ அய்ரிஸ் என்ற உயிரியலாளர், சிவந்த முகமும் வெளிறிய மயிரும் கொண்ட வெள்ளை உவக்காரி குரங்கை ஆராய அங்கே போனார். அவர் முயற்சியால் 1990இல் மாநில அரசு அப்பகுதியைச் சூழலியல் நிலையமாக அறிவித்தது. பிரேசில் சட்டப்படி அத்தகைய நிலையத்துக்குள் யாரும் குடியிருக்கக் கூடாது. ஊர்களைக் காலிசெய்வதா, சட்டத்தை மாற்றுவதா என்ற கேள்வி வந்தபோது அய்ரிஸும் அவரோடு உழைத்தவர்களும் சட்டத்தை மாற்றக் கேட்டார்கள். 1996இல் ‘நீடித்த வளர்ச்சிக் காப்பகம்’ என்ற புதிய வகை பிறந்தது. மமிராவா அதில் முதலாவது. 2000இல் வந்த தேசியச் சட்டம் அந்த வகையை நாடு முழுவதற்கும் ஏற்றுக்கொண்டது.

ஆனால் பெருமை முழுவதையும் அறிவியலாளர்களுக்குக் கொடுத்துவிடக் கூடாது. அரசாணை வருவதற்கு முன்பே ஆற்றங்கரை மக்கள், கத்தோலிக்கத் திருச்சபைப் பணியாளர்களின் துணையோடு, ஐஸ் ஏற்றிவரும் நகரத்து மீன்பிடிப் படகுகளிடமிருந்து தங்கள் ஏரிகளைக் காக்கத் தொடங்கியிருந்தார்கள். இந்த ஏரியில் யாரும் பிடிக்கக் கூடாது, இது வீட்டுச் சாப்பாட்டுக்கு, இது விற்பனைக்கு என்று ஊர் கூடிப் பிரித்தார்கள். காப்பகத்தின் மேலாண்மைத் திட்டம் இந்தப் பிரிப்பின் மேல் கட்டப்பட்டது.

இந்த ஏரிகளில் வாழும் அரபைமா மீனுக்கு இனி வருவோம். மூன்று மீட்டர் வரை நீளும், 200 கிலோ வரை எடை போடும் நன்னீர் மீன் இது. செவுள் மட்டும் இதற்குப் போதாது. சில நிமிடங்களுக்கு ஒருமுறை, அதிகம் போனால் இருபது நிமிடத்துக்குள், மேலே வந்து காற்றை விழுங்கியாக வேண்டும். ஈட்டியெறியும் மீனவர் காத்திருப்பது அந்த நொடிக்குத்தான். அதனாலேயே இந்த இனம் அமேசானின் பல பகுதிகளில் அற்றுப்போகும் நிலைக்கு வந்தது. 1996இல் அமசோனாஸ் மாநிலத்தில் இதைப் பிடிக்கத் தடை போடப்பட்டது. தடைக்குப் பிறகும் திருட்டு மீன் சந்தைக்கு வந்துகொண்டேயிருந்தது.

1999இல் மமிராவாவின் ஜரவா பகுதியில் ஆய்வாளர்களும் மீனவர்களும் ஒன்றைச் செய்துபார்த்தார்கள். மீனைக் கொல்ல உதவிய அதே அறிவை எண்ணுவதற்குப் பயன்படுத்தினார்கள். நீர் வடிந்து ஏரிகள் தனித்து நிற்கும் காலத்தில், ஏரியைச் சிறு பகுதிகளாகப் பிரித்து ஒவ்வொருவரும் தம் பங்கில் தோணியை நிறுத்தி, சத்தமின்றி இருபது நிமிடம் பார்ப்பார். மீன் மேலே வரும்போது எழும் ஓசை, நீர்ச்சுழிப்பு, வால் திரும்பும் விதம் ஆகியவற்றைக் கொண்டு அது ஒன்றரை மீட்டரைத் தாண்டிய பெரிய மீனா, சிறியதா என்று சொல்லிவிடுவார். பிறகு அடுத்த பகுதி. லியாண்ட்ரோ கஸ்தெல்லோ என்ற ஆய்வாளர் இந்த எண்ணிக்கையைக் குறியிட்டு மீளப் பிடிக்கும் முறையோடு ஒப்பிட்டு 2004இல் கட்டுரை வெளியிட்டார். அனுபவமுள்ள மீனவரின் கணக்கு ஆய்வாளரின் கணக்கோடு மிக நெருங்கி நின்றது. செலவும் நேரமுமோ அதில் ஒரு சிறு பங்கு.

தடைக்கு விலக்காக, இந்தக் கணக்கை வைத்தே மீன்பிடி ஒதுக்கீடு கிடைக்கிறது. எண்ணிய பெரிய மீன்களில் 30 சதத்துக்கு மேல் பிடிக்கக் கூடாது. ஒன்றரை மீட்டருக்குக் குறைந்ததைத் தொடக் கூடாது. டிசம்பர் முதல் மே வரை தடைக்காலம். மத்தியச் சுற்றுச்சூழல் அமைப்பான இபாமா ஆண்டுதோறும் அனுமதி கொடுக்கும். முதலில் எண்ணத் தொடங்கிய ஜரவா ஏரிகளில் சுமார் 2,500 ஆக இருந்த அரபைமா, எட்டு ஆண்டுகளுக்குள் 20,000த்தைத் தாண்டியது. பிற ஆறுகளுக்கும் முறை பரவியது. ஜுருவா ஆற்றில் கம்போஸ்-சில்வா, பெரஸ் என்ற ஆய்வாளர்கள் செய்து 2016இல் வெளியிட்ட ஆய்வில், ஊரார் காவல் காத்த ஏரிகளில் சராசரியாக 300க்கு மேல் அரபைமா இருந்தன. யாரும் காவாத ஏரிகளில் சுமார் 9.

எண்ணிக்கை கூடினால் ஒதுக்கீடும் கூடும். அப்படியானால் மீனவர் கூட்டிச் சொல்ல மாட்டாரா? கேட்க வேண்டிய கேள்விதான். அங்கே எண்ணுபவர்களுக்குப் பயிற்சி உண்டு, சோதித்துச் சான்றிதழும் தருகிறார்கள். எண்ணிய பெரிய மீன் பத்தில் ஏழை ஏரியிலேயே விட வேண்டும் என்ற விதி, கணக்கில் சிறு பிழை வந்தாலும் தாங்கும். இதையெல்லாம்விட வலுவான காப்பு, பொய் சொன்ன ஊரே அடுத்த ஆண்டு வெறும் ஏரியைப் பார்க்க நேரிடும் என்பது. வெளியிலிருந்து வந்து எண்ணிப் போகிறவருக்கு அந்த இழப்பு இல்லை. கணக்கெடுப்பைப் பயனாளியிடம் கொடுக்கலாகாது என்று நம் பாடநூல்கள் சொல்லிவந்ததை மமிராவாவின் இருபதாண்டுக்கும் மேற்பட்ட அனுபவம் பொய்யாக்கியிருக்கிறது என்பதே எங்கள் முடிவு.

குறைகளும் பெரியவை. ஆண்டு முழுக்க ஏரியைக் காப்பது ஊரார். அந்தக் காவலுக்குப் பெரும்பாலும் கூலி இல்லை. மீனின் விலையில் பெரும்பகுதி இடைத்தரகருக்குப் போகிறது. காவலில் உயிராபத்தும் இருக்கிறது. அதே மாநிலத்தின் ஜவாரி பள்ளத்தாக்கில் 2022 ஜூனில் பழங்குடி நல வல்லுநர் புருனோ பெரெய்ராவும் பத்திரிகையாளர் டாம் பிலிப்ஸும் கொல்லப்பட்டது சட்டவிரோத மீன்பிடிப்போடு பிணைந்தது. 2023 வறட்சியில், காப்பகத்துக்கு அருகிலுள்ள தெஃபே ஏரியின் நீர் 39 டிகிரி செல்சியஸைத் தாண்டியது. 150க்கும் மேற்பட்ட ஆற்று டால்பின்கள் செத்து மிதந்தன. பல ஊர்களுக்குப் படகுப் போக்குவரத்தே அறுந்தது. எவ்வளவு நேர்மையாக எண்ணினாலும் இந்த வெப்பத்தை ஓர் ஊர்க்கூட்டம் தடுக்க முடியாது. காவலுக்கான செலவையும் வறட்சிக்கால நிவாரணத்தையும் அரசு ஏற்காமல் மக்களை மட்டும் காவலர்கள் என்று புகழ்வது அநீதி.

நம் வாசகர்களில் பலர் மேலாண்மைத் திட்டம் எழுதுகிறவர்கள். இந்தியாவின் 2006 வன உரிமைச் சட்டம், சமூக வன வளத்தைக் காக்கவும் நிர்வகிக்கவும் கிராம சபைக்கு உரிமை தருகிறது. எண்ணாமல் நிர்வகிக்க முடியாது. அடுத்த திட்டம் எழுதும்போது தேன், நெல்லி, கடுக்காய், மீன் என ஏதாவது ஒரு வளத்தையாவது அதை எடுத்து வாழ்கிறவர்களிடம் எண்ணக் கொடுங்கள். உங்கள் முறையிலும் தனியே எண்ணி, இரண்டையும் ஒப்பிடுங்கள். எண்ணியவர்களுக்குக் கூலி கொடுங்கள். அவர்கள் பெயர் அறிக்கையில் வரட்டும். ஒத்துவந்த முடிவுகளோடு ஒத்துவராதவற்றையும் எங்களுக்கு எழுதி அனுப்புங்கள். வரும் இதழ்களில் அவற்றுக்குப் பக்கம் ஒதுக்குகிறோம்.